கிறுக்கு காமெடி எழுதியே காலம் தள்ளலாமா? (திரைக்கதை, வசனம், ஒப்பந்தம்)

பிரிக்பீல்ட்ஸ்_பேனா

வணக்கம். அழுகாச்சி, வெட்டுக்குத்து எதுவும் இல்லாம, உலகத்துல நடக்காத ஒரே ஒரு விஷயத்தை நடந்ததா வச்சுக்கிட்டுச் சிரிக்க வைக்கிற கதைகள் மட்டும் எழுதற திரைக்கதையாசிரியரா ஆகணும்னா, கோலாலம்பூர்ல இருந்து எந்த வழியாப் போகணும்? எங்க தொடங்கறது, எந்த வடிவத்துல எழுதறது, கதையை எப்படிக் காப்பாத்திக்கறது, இந்த மூணும் தெரியணும்.

கையில இருக்கற ஒரு வரி: செந்தூல் பக்கம் 17 மாடி பிளாட். அங்க உள்ள லிஃப்ட் நீங்க அமுக்கற மாடிக்குப் போகாது. நீங்க யாருக்குக் கடன்பட்டிருக்கீங்களோ அவங்க மாடியிலதான் நிக்கும்.

மேடைவாசல்

முதல் கேள்விக்கு மட்டும் பதில் சொல்றேன்: மேடையில தொடங்குங்க. தமிழ்ல இந்த வகையைத் தூக்கி நிறுத்தினவங்களோட பாதையைப் பாருங்க. கிரேசி மோகன் கிண்டி பொறியியல் கல்லூரியில மெக்கானிக்கல் படிச்சவர். ‘கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ நாடகம் எஸ்.வி.சேகர் குழுவுக்காக எழுதினது, 1976ல. அந்த நாடகத்தோட பேர்தான் அவருக்கு அடைமொழியா ஒட்டிக்கிச்சு. சொந்தக் குழு 1979ல. முதல் படம் ‘பொய்க்கால் குதிரை’ 1983ல, அதுவும் அவரோட நாடகத்தை வச்சு பாலசந்தர் எடுத்தது. ‘அபூர்வ சகோதரர்கள்’ 1989. முதல் நாடகத்துக்கும் இதுக்கும் நடுவுல 13 வருஷம். அதுக்கப்புறமும் 2019ல மறையற வரைக்கும் மேடையை அவர் விடல.

அவருக்கு முன்னால சித்ராலயா கோபு. ‘காதலிக்க நேரமில்லை’ 1964ல ஸ்ரீதரோட சேர்ந்து எழுதினவர். ‘காசேதான் கடவுளடா’வை முதல்ல நாடகமாப் போட்டு, அப்புறம் 1972ல படமா அவரே இயக்கினார். விசுவும் மேடையில இருந்து வந்தவர்தான்.

காரணம் இருக்கு. சோகக் காட்சி எடுபடலைன்னா சபை அமைதியா இருக்கும், எடுபட்டாலும் அமைதியாத்தான் இருக்கும். சிரிப்பு அப்படி இல்ல. வந்துச்சா இல்லையான்னு அந்த நொடியே தெரிஞ்சிடும். ஒரே நாடகத்தை இருபது தடவை போட்டா, எந்த வரியில எந்தச் சொல்லை முன்னால தள்ளணும்னு சபையே சொல்லிக்குடுத்துடும். சினிமாவுல அந்த வாய்ப்பு கிடையாது. எடிட்டிங் மேசைக்குப் போனப்புறம் வசனத்தை மாத்தணும்னா கழுத்து வரைக்கும் செலவு.

இங்க டான்ஸ்ரீ சோமா அரங்கம் மாதிரிப் பெரிய இடத்துல ஆரம்பிக்க வேணாம். கோயில் மண்டபம், தமிழ்ப்பள்ளி மண்டபம், பல்கலைக்கழக இந்தியர் கலைவிழா போதும். நாலு நடிகர், ஒரு மேசை, 25 நிமிஷம். டிக்கெட் வச்சுப் பொது அரங்குல போட்டா டிபிகேஎல் (கோலாலம்பூர் மாநகராட்சி) அனுமதி வேணும், அதைக் கடைசி வாரத்துக்குத் தள்ளாதீங்க.

கொடிமலைக்காரன்

பினாங்கிலிருந்து வணக்கம். தம்பி, உங்க வரி நல்ல வரி. ஆனா அது இன்னும் கதை ஆகல, விதி மட்டும்தான் இருக்கு. அந்த விதியும் அரைகுறையா இருக்கு.

இந்த வகைக் கதையில பார்க்கிறவர் ஒரே ஒரு பொய்யை மன்னிப்பார். ரெண்டாவது பொய் வந்தா எழுந்து போயிடுவார். அதனால முதல் பொய்க்குள்ள எல்லாம் கணக்கு சுத்தமா இருக்கணும். உட்கார்ந்து எழுதறதுக்கு முன்னால இதுக்கெல்லாம் விடை வேணும்:

ரெண்டு பேருக்குக் கடன் இருந்தா லிஃப்ட் எங்க நிக்கும்?
லிஃப்டுல ரெண்டு பேர் ஏறினா யார் கடன் செல்லும்?
கடனே இல்லாதவர் ஏறினா?
கீழ இறங்கும்போதும் இப்படித்தானா?
கடன் குடுத்தவர் வீடு மாறிப் போயிட்டா?

இன்னொண்ணு, லிஃப்ட் ஏன் இப்படி ஆச்சுன்னு விளக்கம் எழுதிடாதீங்க. மந்திரவாதி, சாபம், இடி விழுந்துச்சு, எதுவும் வேணாம். மெக்கானிக் வந்து பார்த்துட்டு “எல்லாம் சரியாத்தான் இருக்கு” என்று கையெழுத்து போட்டுட்டுப் போகட்டும். காரணம் சொன்னா, அதைச் சரிபண்றதுதான் கதைன்னு பார்க்கிறவர் எதிர்பார்க்க ஆரம்பிச்சிடுவார்.

மந்திரம் இல்லாமலும் இதே கட்டுமானம் வரும். ‘தில்லுமுல்லு’வை எடுத்துக்குங்க, 1981. முதலாளிக்கு மீசை வச்சவன்தான் நல்லவன். அவ்வளவுதான் விதி. மீசை இல்லாத தம்பி ஒருத்தனைக் கதாநாயகன் கற்பனையா உண்டாக்கற நிமிஷத்துல இருந்து படம் தானா ஓடுது. ஏன்? முதலாளி தன் நம்பிக்கையை லேசுல விட்டுக்குடுக்கல. கிறுக்கு நகைச்சுவையில கிறுக்கனா இருக்கறவனுக்குத் தான் கிறுக்கன்னு தெரியவே கூடாது. மனுஷன் உயிரைக் குடுத்து நம்பணும்.

சீன்_ஆர்டர்

வடிவம் பற்றிய கேள்விக்கு. வேலையை இந்த வரிசையில் செய்தால் வீணாகாது.

முதலில் 25 சொல்லில் ஒரு வரி. பிறகு ஒரு பக்கச் சுருக்கம், முடிவையும் சேர்த்து. முடிவை மறைத்து வைக்கும் பழக்கம் வேண்டாம், படிப்பவர் தயாரிப்பாளர், ரசிகர் அல்ல. அடுத்து சீன் ஆர்டர். ஒரு காட்சிக்கு ஒரு அட்டை. அட்டையில் இரண்டே வரி: என்ன நடக்கிறது, போகும்போது யாருடைய நிலை மாறியிருக்கிறது. இரண்டாவது வரியை எழுத முடியவில்லை என்றால் அந்த அட்டையைக் கிழித்துவிடலாம். 90 நிமிடத் தொலைக்காட்சிப் படத்துக்கு 40 முதல் 50 அட்டை, இரண்டு மணி நேரப் படத்துக்கு 60, 70. வசனம் கடைசியில்தான். எட்டு வார வேலை என்றால் ஐந்து வாரம் அட்டைக்கு, மூன்று வாரம் வசனத்துக்கு. புதிதாக எழுதுபவர்கள் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள். வசனம் நன்றாக வந்துவிட்டால் அந்தக் காட்சியைத் தூக்க மனசு வராது, பிறகு படம் நொண்டும்.

ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கு தமிழில் சரிவராது. நம் சொற்கள் நீளம், வசனக் காட்சி ஒன்றரைப் பக்கம் போனாலும் வேகமாகப் பேசினால் ஒரு நிமிடத்தில் முடிந்துவிடும். கைப்பேசியில் நேரம் வைத்து, வாய்விட்டுப் படித்து, ஒவ்வொரு காட்சி தலைப்பிலும் நொடிக்கணக்கு எழுதிவையுங்கள்.

தாளில் இடது பக்கம் காட்சி, வலது பக்கம் வசனம் என்று இரண்டு பத்தியாகப் பிரிப்பது நம்மூர்ப் பழைய முறை. சில இயக்குநர்கள் இன்றும் அதைத்தான் கேட்பார்கள். கேட்டுவிட்டு எழுதுங்கள். தட்டச்சு எதுவானாலும் யூனிகோடாக இருக்கட்டும். முரசு அஞ்சல் விசைப்பலகை போதும். பழைய எழுத்துருவில் அடித்த பிரதி அடுத்தவர் கணினியில் கொக்கி கொக்கியாகத் தெரியும்.

ஒரு அட்டவணை கட்டாயம்: பொருள், விதைத்த காட்சி (பின்னால் பயன்படப்போவதை முதலில் காட்டும் இடம்), நினைவூட்டிய காட்சி, அறுவடைக் காட்சி (அது பயன்படும் இடம்). நினைவூட்டலுக்கும் அறுவடைக்கும் நடுவில் பத்து நிமிடமாவது இருக்கணும். அதற்குள் வந்தால் முன்கூட்டியே தெரிந்துவிடும். அரை மணிக்கு மேல் போனால் மறந்துவிடும்.

பிரிக்பீல்ட்ஸ்_பேனா

நன்றி அண்ணே. விதிகளை இப்படி வச்சிருக்கேன். மேல ஏறும்போது மட்டும்தான் லிஃப்ட் இப்படி. ரெண்டு பேர் ஏறினா கடைசியா ஏறினவர் கடன்தான் செல்லும். கடன் இல்லாதவர் அமுக்கின மாடிக்குப் போகலாம். பல கடன் இருந்தா பெரிய தொகை முதல்ல. கதாநாயகன் வீடு 12வது மாடி. அஞ்சாவது மாடி அக்காகிட்ட 300 வெள்ளி வாங்கியிருக்கான். குடியிருப்போர் சங்கத் தலைவர் ரொம்ப மரியாதையானவர், அவர் ஏறினா ஒவ்வொரு தடவையும் ஒன்பதுல நிக்குது, ஏன்னு யாருக்கும் தெரியாது. இடைவேளை வரைக்கும் அட்டை வந்துடுச்சு. அதுக்கப்புறம் எல்லாரும் கடனைக் கட்டறாங்க, அவ்வளவுதான். இறங்கு முகமா இருக்கு.

கொடிமலைக்காரன்

இடைவேளைக்கு அப்புறம் சோர்றதுக்குக் காரணம் விதி முதல் பாதியில எப்படியோ அப்படியே ரெண்டாவது பாதியிலும் இருக்கறதுதான். விதியை உடைக்கக் கூடாது, ஆனா அதுக்குள்ள இருந்த இன்னொரு அர்த்தம் வெளிய வரணும். உங்களுக்கு அது தமிழ்லயே தயாரா இருக்கு தம்பி. கடன்னா பணம் மட்டுமா? நன்றிக்கடன் இருக்கு. ‘ஈன்று புறந்தருதல் என்தலைக் கடனே’ன்னு புறநானூற்றுத் தாய் சொல்ற கடன் இருக்கு.

இடைவேளையில ஒரு பாட்டி ஏறட்டும். வாழ்நாள்ல ஒரு காசு கடன் வாங்காதவங்கன்னு முதல் பத்து நிமிஷத்துலயே விதைச்சு வச்சிருங்க. லிஃப்ட் மூணாவது மாடியில நிக்குது. பாட்டிக்கே புரியல. அங்க இருக்கறவங்க, முப்பது வருஷத்துக்கு முன்னால பிரசவத்துல இவங்களை ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போன அம்மா. இப்ப பிளாட் முழுக்கக் கலங்கிடும். பணத்தைக் கட்டிட்டா தீர்ந்துச்சுன்னு இருந்தவங்க எல்லாரும் திரும்பவும் மாட்டிக்கிட்டாங்க. நன்றிக்கடனை எப்படிக் கட்டறது? அதுதான் ரெண்டாவது பாதி.

ஆனா “பெரிய தொகை முதல்ல”ங்கற விதியை மாத்தியாகணும். நன்றியையும் 300 வெள்ளியையும் எந்தத் தராசுல நிறுப்பீங்க? கடைசியாப் பட்ட கடன் முதல்ல, இப்படி வையுங்க. புதுசுல இருந்து பழசுக்கு. அப்போ ஒவ்வொண்ணாத் தீரத் தீர, ஆளோட வாழ்க்கையில கதை பின்னோக்கிப் போகும்.

வசனக்காரி

விதி கிடைத்துவிட்டது. இப்போது வசனத்துக்கு வருவோம். தலைவர் காட்சியைப் பெரும்பாலோர் முதல் பிரதியில் இப்படித்தான் எழுதுவார்கள்:

தலைவர்: ஐயோ, இந்த லிஃப்ட் மறுபடியும் ஒன்பதுல நின்னுடுச்சே! நான் பதினஞ்சுதானே அமுக்கினேன்? நான் யார்கிட்டயும் கடன் வாங்கலையே!
பாட்டி: அப்படின்னா ஏன் நிக்குது?
தலைவர்: அதான் எனக்கும் புரியல!

மூன்று வரியும் நமக்குத் தெரிந்ததையே சொல்கின்றன. லிஃப்ட் நின்றதைக் கண் பார்த்துவிட்டது, வாய் எதற்கு? தலைவர் பதறுவதும் தப்பு. மாட்டிக்கொண்டவர் பதறினால் சிரிப்பு வராது. ஒன்றுமே நடக்காதது போல் நிற்க முயன்றால்தான் வரும். இதே காட்சியை வெட்டினால்:

(கதவு திறக்கிறது. ஒன்பது. தலைவர் நகரவில்லை.)
பாட்டி: இறங்கலையா?
தலைவர்: காத்து வாங்கறேன்.
பாட்டி: நேத்தும் வாங்கினீங்க.
(உள்ளே ஒரு வீட்டின் தாழ்ப்பாள் சத்தம். தலைவர் கதவு மூடும் பொத்தானை விடாமல் அமுக்குகிறார்.)
பாட்டி: வாங்கினதைக் குடுத்துட்டா தானா மூடிக்கும்.

கடன் என்ற சொல்லே காட்சியில் இல்லை. ‘வாங்கு’ என்ற ஒரு வினை மூன்று முறை வருகிறது, மூன்றாவது முறைதான் குத்துகிறது. நகைச்சுவை வரியில் சிரிப்பை உண்டாக்கும் சொல் வரியின் கடைசியை ஒட்டி வரவேண்டும். “தானா மூடிக்கும், வாங்கினதைக் குடுத்துட்டா, தெரியுமில்ல” என்று எழுதினால், ‘தெரியுமில்ல’வுக்குள் சிரிப்பு அமுங்கிவிடும். தமிழில் வினை கடைசியில் வருவது நமக்குக் கிடைத்த வரம், அதைப் பயன்படுத்துங்கள்.

பேச்சும் இந்த ஊர்ப் பேச்சாக இருக்கட்டும். செந்தூல் பிளாட்டில் இருப்பவர் சென்னைத் தமிழ் பேசினால் முதல் காட்சியிலேயே ஒட்டாது. ஆனால் வரிக்கு வரி ‘லா’ போட்டால் இந்த ஊர்த் தமிழ் ஆகிவிடாது. ரிங்கிட்டை வெள்ளி என்பதும், எந்த வயசுக்காரர் எங்கே மலாய்ச் சொல்லுக்குத் தாவுகிறார் என்பதும்தான் இந்த ஊரைக் காட்டும்.

மேடைவாசல்

ஒரு இடத்துல ஒத்துக்க மாட்டேன். கண்ணுக்குத் தெரிஞ்சதை வாய் சொல்லக் கூடாதுங்கறது எல்லா வகைக்கும் பொருந்தாது. சொல்லாலேயே ஓடற காமெடி இருக்கு. ஒருத்தர் சொன்னதை அடுத்தவர் வேற அர்த்தத்துல பிடிச்சு, மூணாவது ஆள் அதையும் திருப்பி, நிறுத்தாமப் போற பந்தாட்டம். ‘மைக்கேல் மதன காமராஜன்’ல கல்யாணச் சாம்பாருக்குள்ள மீன் விழற இடம் கண்ணால பார்க்கிற சிரிப்பு, ஆனா அதே படத்துல பாதிச் சிரிப்பு காதுல விழறது. ரெண்டையும் ஒரே எழுத்தாளர் எழுதலாம்.

எச்சரிக்கை என்னன்னா, மேடையில சிரிப்புக்காக நடிகர் ஒரு மூச்சு நிறுத்துவார். படத்துல யாரும் நிறுத்த மாட்டாங்க. நிறைஞ்ச தியேட்டர்ல முதல் வரி சிரிப்புல ரெண்டாவது வரி மூழ்கிடும். அதனால பெரிய சிரிப்புக்கு அடுத்த வரியில கதைக்குத் தேவையான தகவலை வைக்காதீங்க. அங்க ஒரு முகபாவம், ஒரு நடை, ஒரு கதவு போதும்.

வசனக்காரி

ஏற்கிறேன். ஆனால் சொல் பந்தாட்டத்துக்கு நடிகர்கள் ஒத்திகை பார்த்திருக்க வேண்டும். இங்கே தொலைக்காட்சிப் படங்களுக்குப் படப்பிடிப்பு நாள் குறைவு, ஒத்திகை அதைவிடக் குறைவு. ஒத்திகை இல்லாத பந்தாட்டம் ஒப்பித்தல் போல ஆகிவிடும். ஆகவே பிரதியைக் கொடுக்கும்போதே ஒரு நாள் மேசை வாசிப்பு கேளுங்கள். அங்கே எழுதியவர் படிக்கக் கூடாது, சிரிக்கவும் கூடாது, பென்சிலுடன் உட்கார்ந்திருக்க வேண்டும். நாக்கு தடுக்கும் இடம், மூச்சு வாங்கும் இடம், சிரிப்பு வந்த இடம், மூன்றுக்கும் வேறு வேறு குறி.

அடிவரி

சப்டைட்டில் வேலையில் இருப்பவர்கள் கண்ணோட்டத்தில் ஒன்று. இங்கே தமிழ் நிகழ்ச்சிக்கும் படத்துக்கும் கீழே மலாய் வரி ஓடும். இரண்டு வரிதான் இடம், வரிக்கு நாற்பது எழுத்துக்குள் முடிக்க வேண்டும். சொல் விளையாட்டு பத்தில் எட்டு அங்கே செத்துப்போகும். எழுதும்போதே இதை நினைத்தால் பிழைக்கும்.

பேனாவின் கதைக்கு இதில் யோகம் இருக்கிறது. கடன் மலாயில் ஹுத்தாங். நன்றிக்கடன் ஹுத்தாங் பூடி. தமிழைப் போலவே ஒரே வேர்ச்சொல்! இடைவேளைத் திருப்பம் அப்படியே மலாய்க்காரருக்கும் விளங்கும். ‘காத்து வாங்கறேன்’ கூட அம்பில் ஆங்ஙின் என்று வரும், அம்பில் என்றால் எடுப்பது, ஆகவே பாட்டியின் அடுத்த இரண்டு வரியும் தப்பிக்கும். பினாஸ் (தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகம்) போன்ற இடங்களில் நிதி கேட்டுப் போகும்போது சுருக்கத்தை மலாயிலோ ஆங்கிலத்திலோதான் படிப்பார்கள். அந்தச் சுருக்கத்திலேயே ஹுத்தாங், ஹுத்தாங் பூடி இரண்டும் இருக்கட்டும். தமிழ்ச் சுருக்கத்தை யாரிடமோ கொடுத்து அவசரமாக மொழிபெயர்த்தால், சிரிப்பு இல்லாத சிரிப்புக் கதைதான் நடுவர் கைக்குப் போகும்.

முத்திரைத்தாள்

மூன்றாவது கேள்வி. பலர் கோட்டைவிடுவது இங்கேதான், ஆகவே சற்று நீளமாக.

பதிப்புரிமைச் சட்டம் 1987 யோசனையைக் காக்காது, எழுதிய வடிவத்தைத்தான் காக்கும். ‘கடனைக் காட்டும் லிஃப்ட்’ என்று மாமாக் உணவுக்கடையில் சொன்னால் அது யாருக்கும் சொந்தமில்லை. நாற்பது அட்டையும் வசனமும் எழுதினால் அந்த எழுத்து உங்களுடையது, பதிவு செய்யாமலே. ஆனாலும் சான்று வேண்டும். மைஐபிஓ (மலேசிய அறிவுசார் சொத்துக் கழகம்) அலுவலகத்தில் 2012 முதல் விருப்பப் பதிவு இருக்கிறது. படிவம், படைப்பின் பிரதி, சத்தியப்பிரமாண ஆணையர் முன் கையெழுத்திட்ட அக்குவான் பெர்கானுன் (சத்தியப்பிரமாணப் பத்திரம்) ஆகியவை தேவை. சுருக்கத்தை மட்டும் பதியாமல் முழுப் பிரதியைப் பதியுங்கள்.

அடுத்தது அதைவிட முக்கியம். அதே சட்டத்தின் 26ஆம் பிரிவு: ஒருவர் கேட்டு, பணம் பேசி எழுத வைத்த படைப்பின் உரிமை, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால் எழுத வைத்தவருக்குப் போய்விடும். அதாவது ஒப்பந்தமே போடாமல் எழுதிக்கொடுத்தால் சட்டம் தயாரிப்பாளர் பக்கம்தான் சாயும். ஒரு வரி போதும்: இந்தப் படம் தவிர்த்து நாடகம், நூல், மறு ஆக்கம், தொடர் ஆகியவற்றின் உரிமை எழுத்தாளருக்கே. மேடையிலிருந்து வரும் எழுத்தாளருக்கு நாடக உரிமைதான் வாழ்நாள் சோறு.

பெயர் எங்கே, எப்படி வரும் என்பதையும் எழுதுங்கள். கதை, திரைக்கதை, வசனம் மூன்றும் தனித்தனித் தலைப்பு. மூன்றையும் செய்துவிட்டு ‘வசனம்’ என்று மட்டும் பெயர் வந்தால் அடுத்த படத்துக்கு உங்களை வசனத்துக்கு மட்டும்தான் கூப்பிடுவார்கள்.

பணத்தைத் தவணையாகப் பிரிக்கும்போது கையெழுத்துக்கு 30 விழுக்காடு, சீன் ஆர்டருக்கு 30, முதல் வசனப் பிரதிக்கு 30, திருத்தம் முடிந்ததும் 10 என்று கேளுங்கள். படம் வெளியானதும் தருகிறோம் என்பதற்குத் தலையாட்ட வேண்டாம், வெளியீடு எழுத்தாளர் கையில் இல்லை. எத்தனை திருத்தம் என்பதும் எண்ணாக இருக்கட்டும். இரண்டு நியாயம். மூன்றாவதற்குத் தனித் தொகை.

ஒப்பந்தத்தில் கையெழுத்தான 30 நாளுக்குள் முத்திரைத் தீர்வை கட்டிவிடுங்கள். முத்திரை இல்லாத ஒப்பந்தத்தை நீதிமன்றம் சான்றாக எடுத்துக்கொள்ளாது.

சீன்_ஆர்டர்

தணிக்கை பற்றி யாரும் சொல்லவில்லை. படத்தைப் பார்ப்பது உள்துறை அமைச்சின் கீழ் உள்ள திரைப்படத் தணிக்கை வாரியம், 2002ஆம் ஆண்டுச் சட்டப்படி. சமயச் சடங்கு, இனம் இரண்டையும் தொட்டுச் சிரிக்கும் இடங்களில்தான் கத்தரி விழும். விதைத்த காட்சி வெட்டுப்பட்டால் அறுவடைக் காட்சி அநாதையாகிவிடும். ஆகவே சந்தேகமான காட்சியில் எதையும் விதைக்காதீர்கள். அந்தக் காட்சி போனாலும் கதை நிற்கும்படி கட்டுங்கள்.

வருமானத்தைப் பற்றியும் நேராகச் சொல்லிவிடுகிறேன். இங்கே இந்த ஒரு வகையை மட்டும் எழுதி முதல் சில வருடம் குடும்பம் நடத்த முடியாது. வானொலிக் குறுநாடகம், விளம்பரம், தொலைக்காட்சித் தொடரின் தனி அத்தியாயம், டப்பிங் வசனம் எல்லாம் சேர்ந்துதான் சோறு. இதில் வானொலி நாடகம் நம் வகைக்கு மிக நெருக்கம். செட் செலவு கிடையாது, லிஃப்ட் பறந்தாலும் ஒரு சத்தம்தான். மாதச் சம்பளம் இல்லாத தொழில் என்பதால் பெர்கேசோ (சமூகப் பாதுகாப்பு நிறுவனம்) சுயதொழில் திட்டத்திலும் ஈபிஎஃப் (ஊழியர் சேமநிதி) ஐ-சாரான் திட்டத்திலும் முதல் வருடமே சேர்ந்துவிடுங்கள்.

பிரிக்பீல்ட்ஸ்_பேனா

எல்லாருக்கும் நன்றி. கடைசியாப் பட்ட கடன் முதல்லன்னு மாத்தி அட்டையைத் திரும்ப அடுக்கினேன், 46 வந்திருக்கு. ஒரு ஓட்டை இருக்கு. கதாநாயகன் எல்லாக் கடனையும் தீர்த்தப்புறம் லிஃப்ட் சாதாரண லிஃப்ட் ஆகிடுது. 12ஐ அமுக்கறான், வீட்டுக்குப் போறான். முடிவு சப்புன்னு இருக்கு.

கொடிமலைக்காரன்

வீட்டுல யார் இருக்காங்க?

பிரிக்பீல்ட்ஸ்_பேனா

அம்மா.

கொடிமலைக்காரன்

அப்ப அவனை அமுக்க விடாதீங்க தம்பி. ரெண்டு கையிலயும் பசார் மாலாம் (இரவுச் சந்தை) பை இருக்கட்டும். அமுக்கறதுக்குப் பையைக் கீழ வைக்கக் குனியறான், அதுக்குள்ள கதவு மூடி லிஃப்ட் கிளம்பிடுது. எண் ஓடுது. அஞ்சு தாண்டுது, ஒன்பது தாண்டுது. 12ல நிக்குது. வசனம் வேணாம்.

வசனக்காரி

படம் முழுக்க அவன் ஒருமுறைகூட லிஃப்டில் வீட்டுக்குப் போயிருக்கக் கூடாது. ஒவ்வொரு முறையும் பாதியில் இறங்கிப் படியேற வேண்டும். அட்டை 3, 17, 31 மூன்றிலும் படியேற்றத்தைப் போடுங்கள், 31இல் அம்மா கதவைத் திறந்துவைத்துக் காத்திருக்கட்டும்.